கூப்பிட்ட பெயருக்கு வராத மேடம் ப்ரூயிட்

மின்விசிறி நின்றுபோன பிறகும் வியர்வையைப் பொருட்படுத்தாமல் தலைமைப் பீடத்தில் வீற்றிருக்கும் பெருமதிப்பிற்குரிய மிஸ்டர் மிஸ்டர் ஓடம் அவர்களே! மெய்ப்பெயர்ச் சபையின் மூத்த பெருமக்களே! காலை முதல் கோழி பொரித்துக் கை சிவந்தும் களைப்பைக் காட்டாமல் கடைசி வரிசையில் அமர்ந்திருக்கும் அன்னையரே! 'என்ன இது, ஒரே மனிதரை இரண்டு முறை மிஸ்டர் என்கிறானே இந்தக் கிழவன்' என்று வாய்க்குள் சிரிக்கும் சிகாகோ நகரத்து வாலிபர்களே! முதல் வரிசையின் நடுவில், நான் எந்த இடத்தில் பிழை செய்வேன் என்று கைப்பையைப் பிடித்தபடி காத்திருக்கும் மேடம் ப்ரூயிட் அவர்களே! உங்கள் அனைவரின் பாதங்களுக்கும்... மன்னியுங்கள், இந்தச் சபையில் யாரும் யார் பாதத்தையும் வணங்குவதில்லை. உங்கள் அனைவரின் முகங்களுக்கும் என் முதல் வணக்கம்!

என் பெயர் ஜெனரல். ஜெனரல் ஹேய்ஸ். போர்முனையைக் கண்டவன் அல்லன், முடிதிருத்துபவன். என் படைக்கலம் சவரக்கத்தி. நான் வென்ற நிலமெல்லாம் கன்னமும் தாடையும்தான். பிறகு ஏன் இந்தப் பெயர்? சொல்கிறேன். அதைச் சொல்லத்தான் என்னை மேடையேற்றியிருக்கிறார்கள்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்தேழு. ஜார்ஜியா மாநிலம், லோரன்டன் நகரம். அந்த நகரத்தில் எண்பது வயது கறுப்பு மனிதரை எட்டு வயது வெள்ளைப் பொடியன் எப்படிக் கூப்பிடுவான்? 'டேய்' என்பான். எங்கள் தாய்மாரை எப்படிக் கூப்பிடுவான்? பெயரைச் சொல்லி, பின்னால் ஒரு 'டீ' போடுவான். மிஸ்டர் என்ற சொல், மிஸஸ் என்ற சொல், மேடம் என்ற சொல், இவை மூன்றும் அவர்கள் வாயிலிருந்து எங்களை நோக்கி ஒரு நாளாவது வந்ததுண்டா? வந்ததில்லை! வாய் தவறியாவது வந்ததுண்டா? வந்ததில்லை! கனவிலாவது? கனவில்கூட எங்களை 'டேய்' என்றே எழுப்பினார்கள்!

அந்த ஊரில்தான் அம்ப்ரோஸ் டில்லரி என்ற மனிதர் இருந்தார். நம் சபையின் நிறுவனர். இரயிலில் படுக்கைப் பெட்டிப் பணியாளராகப் பத்தொன்பது ஆண்டுகள் ஓடியவர். படுக்கை விரித்தார், பூட்ஸ் துடைத்தார், பெட்டி சுமந்தார். அந்தப் பணியாளர்கள் அத்தனை பேருக்கும் பயணிகள் வைத்த பெயர் ஒன்றே ஒன்று. ஜார்ஜ்! ஜார்ஜ், தண்ணீர்! ஜார்ஜ், தலையணை! பத்தொன்பது ஆண்டுகள் ஜார்ஜாக இருந்தவர், ஒரு விடியற்காலையில், அலபாமா எல்லையை இரயில் தாண்டும்போது ஒரு குரல் கேட்டார். 'மிஸ்டர் டில்லரி அவர்களே, எழுந்தருள்க!' திரும்பிப் பார்த்தார். பெட்டியில் ஓர் ஈ காக்கை கூட இல்லை.

அது ஆண்டவன் குரலா, அல்லது நீராவிக் குழாயின் ஓசையா? எங்கள் ஊர்ப் பாதிரியார் தம் தீர்ப்பைப் பிரசங்க மேடையிலிருந்தே சொன்னார்: "மொத நாள் ராத்திரி தின்ன பட்டாணி செரிக்கல, அவ்வளவுதான்." வெள்ளைக்காரப் பத்திரிகை எங்களைப் பைத்தியக்காரக் கூட்டம் என்று எழுதியது. கறுப்புப் பத்திரிகையும் அதையே எழுதியது; எழுத்துப் பிழை மட்டும் குறைவு.

ஏன் எழுத மாட்டார்கள்? டில்லரியின் உபதேசம் அப்படி! நரகத்தில் நெருப்பே கிடையாது என்றார். அங்கே எல்லாருக்கும் ஒரே பெயர், ஜார்ஜ், அதுதான் தண்டனை என்றார். நோவாவை ஊரார் 'யோவ்' என்று கூப்பிட்டதால்தான் பிரளயம் வந்தது என்றார். ஊதா நிறத்தில் தரை கூட்டும் அங்கி, அதன்மேல் பழைய இரயில்வே தொப்பி. இந்தக் கோலத்தில் சந்தைக்குப் போய் முட்டைக்கோஸ் வாங்குவார். ஒவ்வொருவரும் காலையில் கண்ணாடி முன் நின்று 'வணக்கம் ஐயா' என்று குனிய வேண்டும். கண்ணாடி பதில் வணக்கம் சொல்லும் வரை நகரக் கூடாது. அதனால் நான் கடை திறக்கத் தாமதமான நாள்கள் பல.

சிரியுங்கள், சிரியுங்கள். ஆனால் அந்த ஊதா அங்கிக்குள் ஒரு யோசனையும் இருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை சொன்னார்: "அவன் நம்மளைப் பேர் சொல்லித்தானே கூப்பிடுவான்? சொல்லட்டும். பேரையே மிஸ்டர்னு வச்சிருவோம்!"

நாற்பத்து மூன்று பேர். மார்ச் மாதத்தில், பதிவு அலுவலகத்தின் பின்வாசலில் வரிசையாக நின்றோம். எழுத்தர் கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் பார்த்தார்.

"ஏன்டா, எல்லாருக்குமே பேரு மிஸ்டரா?"

"பொம்பளைங்களுக்கு மேடம்ங்க," என்றார் டில்லரி.

"அப்ப ஒருத்தனைக் கூப்பிட்டா தெருவே திரும்புமேடா!"

"அது எங்க பாடுங்க."

அந்த மனிதர் சிரித்தார் பாருங்கள், மேசையில் தலையை முட்டி முட்டிச் சிரித்தார். சிரித்துக்கொண்டே முத்திரை குத்தினார். நாற்பத்து மூன்று முறை! சிரித்துக்கொண்டு குத்தினாலும் முத்திரை முத்திரைதான் என்பது அவருக்கு அப்போது தோன்றவில்லை. என் முறை வந்தது. "நீயும் மிஸ்டரா?" என்றார். எனக்குப் பேராசை பிடித்தது. "ஜெனரல்ங்க" என்றேன். குத்திவிட்டார்.

மறுநாள் காலையிலிருந்து லோரன்டன் நகரத்துக்கு நாக்கு சுளுக்கிக்கொண்டது! பேர் சொன்னால் மரியாதை ஆகிவிடுகிறது. சொல்லாவிட்டால் ஆள் வருவதில்லை. என்ன செய்வார்கள் பாவம்? விசிலடித்தார்கள். கை தட்டினார்கள். 'உஸ்' என்றார்கள். வங்கி மேலாளர் மாட்டு மணி வாங்கினார். ஒரு வீட்டம்மா தன் சமையல்காரியைப் புதுப் பெயரில் தெரியாமல் கூப்பிட்டுவிட்டு, நினைவு வந்ததும் இரண்டு நாள் படுக்கையில் விழுந்தார்.

அந்த நாற்பத்து மூவரில் ஒருவர்தான் சலவைக்கூடத்தில் வேலை செய்த டெல்சினா ப்ரூயிட். அன்று முதல் மேடம் ப்ரூயிட். அவருக்கு வெண்டெல் என்று ஒரு தம்பி. சபையில் சேராதவன், சபையைக் கண்டால் வயிற்றைப் பிடித்துச் சிரிப்பவன். "அக்கா, மேடம்னு பேர் வச்சதும் சோப்பு நுரை கூடுதலா வருதா?" என்பான். அவர் ஈரத்துணியால் ஒரு போடு போடுவார்.

அந்த ஜூலை மாதம் நகரத் தலைவர் வீட்டில், உப்பிட்டுப் புகைத்துத் தொங்கவிட்டிருந்த பன்றித் தொடை இரண்டு காணாமல் போயின. பழுப்பு நிறக் கால்சட்டை போட்ட உயரமான கறுப்பன் ஒருவன் வேலியைத் தாண்டியதைப் பார்த்ததாக யாரோ சொன்னார்கள். வெண்டெல் உயரம். வெண்டெலிடம் பழுப்புக் கால்சட்டை இருந்தது. போதாதா? பிடித்துப் போட்டார்கள்! குற்றம் உறுதியானால் ஓராண்டு, காலில் சங்கிலியோடு சாலை போடும் வேலை. அந்த வேலைக்குப் போய்த் திரும்பிய ஒருவருக்கு நான் சவரம் செய்திருக்கிறேன், அன்பர்களே. கத்தி வைக்கக் கன்னத்தில் சதை இல்லை.

ஆனால் உண்மை என்ன? வெண்டெலுக்கு இருந்தது அந்த ஒரே ஒரு கால்சட்டை. திருட்டு நடந்த அன்று அது அக்காவின் தொட்டியில் ஊறிக்கொண்டிருந்தது. அவன் காலை முதல் மாலை வரை நீலப் போர்வையைச் சுற்றிக்கொண்டு அக்காவின் அடுப்படியில் உட்கார்ந்திருந்தான். என்ன மேடம்? நீலம் இல்லையா? வெள்ளையா? வெள்ளைப் போர்வை, அன்பர்களே! துவைத்தவருக்குத்தான் நிறம் தெரியும்.

அதற்குச் சாட்சி ஒரே ஒருவர். மேடம் ப்ரூயிட். வெண்டெல் சிறைக் கம்பிக்குப் பின்னால் நின்று கெஞ்சினான்.

"அக்கா, கோர்ட்டுல அவங்க உன்னைப் பழைய பேரச் சொல்லித்தான் கூப்பிடுவாங்க. வந்துரு அக்கா. நாய்னு கூப்பிட்டாலும் வந்துரு."

"நாய்னு கூப்பிட்டா நாய்தான்டா போகும். நான் போனா அவன் சொன்னது சரின்னு ஆயிடும்."

"உன் பேருக்காக நான் ரோடு போடணுமா?"

அவர் திரும்பி நடந்தார். நேராக என் கடைக்கு வந்தார். பெண்கள் வராத கடை. சவர நாற்காலியில் உட்கார்ந்தார். கண்ணாடியில் என்னைப் பார்த்துக் கேட்டார்: "ஜெனரல், நான் செய்யறது தப்பா? ஒரு வார்த்தைக்காகத் தம்பியப் பலி குடுக்குறேனா?"

நான் என்ன சொன்னேன்?  கத்தியைத் தோல்வாரில் தீட்டிக்கொண்டே இருந்தேன். ஏற்கெனவே கூராக இருந்த கத்தி.

டில்லரியிடம் போனார். டில்லரி அங்கியை உதறினார். "கவலைப்படாதீங்க மேடம். அன்னைக்கு ஒரு நிலநடுக்கம் அனுப்பச் சொல்லி மேல சொல்லியிருக்கேன்."

"நிலநடுக்கம் வந்தா வெண்டெல் இருக்குற ஜெயிலும்தானே இடியும்?"

டில்லரி தொப்பியைச் சரிசெய்தார். "அப்ப சின்னதா அனுப்பச் சொல்றேன்."

விசாரணை நாள் வந்தது. வியாழக்கிழமை. சரிதானே மேடம்? சரியாம்! கீழே வெள்ளையர், மேல்மாடத்தில் நாங்கள். மேல்மாடத்தின் முன்வரிசையில் மேடம் ப்ரூயிட், காகித விசிறியால் விசிறிக்கொண்டு. நீதிமன்றச் சேவகர் கூப்பிட்டார்: "டெல்சினா!" அசைவில்லை. "டெல்சினா!" விசிறி மட்டும் அசைந்தது. "டெல்சினாஆ!" கீழே கூண்டில் வெண்டெல் நெற்றியில் அடித்துக்கொண்டான்.

நீதிபதி கேட்டார்: "அந்தப் பொம்பளை வரலையா?"

"வந்திருக்கா எஜமான். வர மாட்டேங்குறா."

அப்போது அவர் எழுந்தார். "ஐயா, அந்தப் பேர்ல இங்க யாரும் இல்லைங்க. போன மார்ச்சுலயே உங்க ஆபீசுல மாத்திக் குடுத்தாங்க. முத்திரை இருக்கு, பாருங்க."

காகிதம் கை மாறிக் கை மாறிக் கீழே போனது. நீதிபதி படித்தார். மீண்டும் படித்தார். அந்த நீதிபதிக்கு நியாயத்தில் பற்று உண்டோ இல்லையோ, ஒரு பெருமை உண்டு: முப்பது ஆண்டுகளில் அவர் தீர்ப்பு ஒன்றைக்கூட மேல் நீதிமன்றம் புரட்டியதில்லை. சாட்சியின் பெயர் பிழையாகப் பதிவானால்? மேல் நீதிமன்றம் சிரிக்குமே! அவர் மென்று விழுங்கிச் சொன்னார்: "பதிவேட்டுல என்ன பேரோ, அந்தப் பேரைச் சொல்லித்தான் கூப்பிடணும். கேள்வியும் அந்தப் பேரைச் சொல்லித்தான் கேக்கணும்."

சேவகர் எழுந்தார். தொண்டையைச் செருமினார். "மே..." என்றார். நின்றார். "மே... மே..." என்றார். மந்தையைத் தொலைத்த ஆடு கெட்டது, அன்பர்களே! நெற்றியில் வியர்வை, கண்ணில் நீர், வாயில் 'மே'!

வெண்டெலுக்காக அரசு அமர்த்திய வெள்ளை வக்கீல் ஒருவர் இருந்தார். வழக்கில் அக்கறை இல்லாதவர். மதியச் சாப்பாட்டில் அக்கறை மிகுந்தவர். கடிகாரத்தைப் பார்த்தார். பொறுமை போயிற்று. "மேடம் ப்ரூயிட், சீக்கிரம் இறங்கி வாங்க. எனக்குப் பசிக்குது!"

மாநிலமே மூச்சை நிறுத்தியது! எந்த மகான் சொன்னான்? பசித்தவன் சொன்னான்! எந்த அறநூல் சொல்ல வைத்தது? வயிறு சொல்ல வைத்தது! போகட்டும், சொல்லியாகிவிட்டது. மேடம் ப்ரூயிட் விசிறியை மடித்தார். ஒவ்வொரு படியாக இறங்கி வந்தார். கூண்டில் ஏறினார். கால்சட்டையைச் சொன்னார், தொட்டியைச் சொன்னார், போர்வையைச் சொன்னார். "அந்தப் போர்வையோட தெருவுல இறங்கினா நாயே ஊளையிடும் ஐயா, அவன் எங்க வேலி தாண்டுறது?" ஜூரிகளே சிரித்துவிட்டார்கள்.

அடுத்து அரசுத் தரப்பு வக்கீல் பிங்கம் குறுக்கு விசாரணைக்கு எழுந்தார். ஆறடி ஆள். அவர் உறுமினால் கூண்டுக் கம்பி நடுங்கும்.

"ஏ புள்ள..."

மேடம் ப்ரூயிட் கூரையைப் பார்த்தார்.

"டெல்சினா..."

சன்னலைப் பார்த்தார்.

நீதிபதி இருமினார். "பதிவேட்டுல உள்ள பேரு, மிஸ்டர் பிங்கம்."

பிங்கமுக்குக் காது சிவந்தது. மேடம் வேண்டாம், மற்றப் பாதி போதும் என்று நினைத்தார். மேசையை ஓங்கி அறைந்தார். "ஏய் ப்ரூயிட்! யாருகிட்ட விளையாடுற?"

ஜூரிகளின் தலைவர் துள்ளி எழுந்தார்! பஞ்சாலை முதலாளி, பருத்த உடல். அவர் பெயர் என்ன தெரியுமா? ப்ரூயிட்! எங்கள் மேடத்தின் பாட்டனாரை விலைக்கு வாங்கித் தன் பெயரை ஒட்டிய அதே குடும்பம்!

"யாரைப் பாத்துடா ஏய்ங்குற? அது எங்க தாத்தா பேருடா!"

"ஐயோ, உங்களைச் சொல்லலைங்க, அவளை..."

"அவளைச் சொன்னா எங்க பேரை ஏன் இழுக்குற?"

மேல்மாடத்தில் நாங்கள் சிரிக்கக் கூடாது. சிரித்தால் சிறை. இதோ நம் தலைவர் மிஸ்டர் ஓடம் தம் தொப்பியை வாயில் திணித்துக்கொண்டார். உண்மைதானே ஐயா? தலையாட்டுகிறார்!

நீதிபதி சுத்தியலால் தட்டினார். "கேள்வி இருக்கா, இல்லையா?"

பிங்கம் வாயைத் திறந்தார். ஒரே ஒரு சொல்தான். சொன்னால் கேள்வி கேட்கலாம். கேட்டால் வழக்கை வெல்லலாம். திறந்த வாய் திறந்தபடி இருந்தது. உதடு ஒட்டியது, பிரிந்தது. மூடினார்.

"கேள்வி... இல்ல."

உட்கார்ந்துவிட்டார்! என்ன செய்தார் பாருங்கள்! அரசுக்காக வாதாட வந்தவர், ஆதாரத்தை விட்டார், வழக்கை விட்டார், வெற்றியை விட்டார். ஒரு கறுப்புப் பெண்ணை மேடம் என்று அழைப்பதைவிட மண்ணைக் கவ்வுவது மேல் என்று மண்ணைக் கவ்வினார்! மறுத்துக் கேட்க ஆளில்லாத சாட்சியம் அப்படியே நின்றது. ஜூரிகள் போனார்கள், பஞ்சாலைக்காரர் இன்னும் புகைந்துகொண்டே போனார். ஒன்பது நிமிடத்தில் திரும்பினார்கள். குற்றவாளி இல்லை!

வெண்டெல் வாசலில் அக்காவின் காலைக் கட்டிக்கொண்டு அழுதான். "எழுந்திருடா, அந்தக் கால்சட்டை ஒண்ணுதான் இருக்கு, முட்டி கிழிஞ்சிரும்," என்றார் அவர்.  

விலை கொடுக்காமலா? மறுநாளே சலவைக்கூடத்தில் வேலை போயிற்று. சபையின் சன்னல்கள் அத்தனையும் கல்லெறிந்து உடைத்தார்கள். ஆனாலும் ஊருக்குள் ஒரு விந்தை நடந்தது. யார் பெயரை மாற்றியிருக்கிறார்கள், யார் மாற்றவில்லை என்று யாருக்குத் தெரியும்? பெயரைத் தப்பாகச் சொல்லி நீதிமன்றத்தில் அவமானப்பட யாருக்கு ஆசை? அஞ்சலகக்காரர் எதற்கு வம்பென்று எல்லாக் கடிதத்துக்கும் மிஸ்டர் போட்டார். தீவனக் கடைக்காரர் சபையைக் கண்டாலே காறித் துப்பும் பாதிரியாரைக்கூட மிஸ்டர் என்றார். பாதிரியார் பத்து நிமிடம் கடையைவிட்டுப் போகாமல், வேண்டாத தீவனத்தை எல்லாம் விலை கேட்டுக்கொண்டு நின்றாராம்!

இந்த அமெரிக்காவை நாங்கள் மாற்றினோமா? பிற்காலத்தில் எத்தனையோ பெரியவர்கள் எவ்வளவோ அடிபட்டு மாற்றினார்கள். எங்கள் பெயர் எந்தச் சட்டப் புத்தகத்திலும் இல்லை. நான் ஜெனரலாக இருக்கலாம்; பொய்யனாக இருக்க மாட்டேன். ஒரு சின்ன நகரத்தின் வாய்க்கு ஒரு சொல்லைப் பழக்கினோம். அவ்வளவே.

கதை இங்கே முடிந்தால் இனிமை. முடியவில்லை, அன்பர்களே. இதுவரை எந்த மேடையிலும் நான் சொல்லாததை இன்று சொல்கிறேன்.

இரண்டு வாரம் கழித்து வெற்றி விருந்து. உடைந்த சன்னலுக்கு அட்டை ஒட்டி, சோள ரொட்டியும் பீச் பழப் பணியாரமும் பரிமாறினோம். டில்லரி மேடையில் இருந்தார். தலைக்கனம் ஏறியிருந்தது. வென்றது தாம்தான் என்றார். நிலநடுக்கம் வந்தது, பிங்கமின் நாக்கில் மட்டும் வந்தது என்றார். ஆண்டவன் தம்மைக் கேட்காமல் இனி எதையும் செய்யப்போவதில்லை என்றார். பேசிப் பேசித் தொண்டை வறண்டது. மேடைக்குக் கீழே பார்த்தார்.

"டெல்சினா! தண்ணி கொண்டா!"

மேடம் ப்ரூயிட் என் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார். ரொட்டியைப் பிட்டுக்கொண்டிருந்த கை நின்றது. அவர் அசையவில்லை.

நான் என்ன செய்தேன் தெரியுமா? எழுந்தேன்! ஜெனரல் என்று முத்திரை குத்திக்கொண்டவன், நீதிமன்றத்தில் பார்த்தவன், என்னைக் கூப்பிடவும் இல்லை, ஆனாலும் என் கால்கள் தாமாக எழுந்தன, குவளையை நோக்கி! ஒரு கை என் கோட்டைப் பிடித்து இழுத்தது.

"உக்காருங்க ஜெனரல்," என்றார் அவர், மெல்ல.

உட்கார்ந்தேன்.

"டெல்சினா! காது கேக்கலையா?"

 மேடம் ப்ரூயிட் உடைந்த சன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார். டில்லரி மூன்றாம் முறை வாயைத் திறந்தார். அப்போதுதான் தம் குரல் தம் காதில் விழுந்தது போலும். பத்தொன்பது ஆண்டுகள் இரயில் பெட்டிகளில் கேட்ட குரல். அதே 'கொண்டா'. முகம் சாம்பலாகிவிட்டது. தொப்பியைக் கழற்றினார். மேடையிலிருந்து இறங்கினார், அங்கி தடுக்கிப் பாதி விழுந்து பாதி நடந்து அடுப்படிக்குப் போனார். தாமே ஒரு குவளை மொண்டார். தம் தாகத்துக்குக் குடிக்கவில்லை. கொண்டுவந்து மேடம் முன்னால் வைத்தார்.

"மேடம் ப்ரூயிட், தண்ணி குடிங்க."

அவர் அந்த முகத்தை நெடுநேரம் பார்த்தார். பிறகு குடித்தார். பாதி குடித்து, மீதியை டில்லரி பக்கம் தள்ளினார்.

"உக்காருங்க, மிஸ்டர் டில்லரி. தொண்டை காஞ்சு போச்சு உங்களுக்கு."

வாலிபர்களே! பகைவன் 'ஏய்' என்றால் பல்லைக் கடித்து நிற்கத் துணிவு போதும். நம்மவன் 'ஏய்' என்றால்? நமக்காகப் பாடுபட்டவன் 'ஏய்' என்றால்? தலைவன், போதகன், தந்தை, கணவன் 'ஏய்' என்றால்? அப்போதும் நிற்பீர்களா? அப்போதும் நிமிர்ந்து நிற்பீர்களா? என் கால்கள் நிற்கவில்லை. உங்கள் கால்கள் நிற்கட்டும்! உங்கள் கால்கள் நிற்காத அன்று, பக்கத்தில் கோட்டைப் பிடித்து இழுக்க ஒரு கை இருக்கட்டும்! எவருக்கும் இரங்கித் தரப்படும் பிச்சை அல்ல மரியாதை. எவரிடமிருந்தும் குறைத்து வாங்கக் கூடாத உரிமை அது!

என்ன மேடம்? நேரமாகிவிட்டதா? பணியாரம் ஆறுகிறதா? இதோ, முடித்துவிட்டேன். பொறுத்துக் கேட்ட செவிகளுக்கு நன்றி. பொரித்துத் தந்த கைகளுக்கு நன்றி. பேச இடம் தந்த தலைவருக்கு நன்றி. அழைத்தால் வரவேண்டும் என்று உங்களுக்குத் தோன்றும் நல்ல பெயரால் மட்டுமே நீங்கள் எல்லாரும் அழைக்கப்பட வேண்டும் என்று வாழ்த்தி விடைபெறுகிறேன். வணக்கம்!